புதுப்பிப்பு: திருமங்கலத்து 35 எம்.எம். பிரிண்ட்
திருமங்கலத்தில் மூடிய தியேட்டரின் ஆபரேட்டர் அண்ணன் வீட்டில் ஒரு பழைய படத்தின் பிரிண்ட் (தியேட்டரில் ஓட்டும் பிலிம் சுருள்கள்) கிடக்கிறது, ஸ்கேன் செய்து டிஜிட்டலாக்கலாமா என்று கேட்டிருந்தேன் இல்லையா? பெட்டிகளைத் திறந்தாச்சு.

சில ரீல்களில் வினிகர் வாடை மூக்கைத் துளைக்கிறது. அசிடேட் என்ற பிளாஸ்டிக்கால் ஆன பிலிம் சிதைகிறது என்று அர்த்தம். பக்கத்து ரீலையும் கெடுக்கும் என்பதால் தனியே வைத்துவிட்டோம். மற்றவை ஒரே சிவப்பு: சயான் (நீலப்பச்சை) சாயம் போய் மெஜந்தா (ஊதாச்சிவப்பு) மட்டும் மிஞ்சியிருக்கிறது. ஸ்கேனில் ஓரளவு மீட்கலாம். ஆனால் பிலிம் ஓரத்தில் ஒலி பதிந்திருக்கும் ஒலித்தடம் சேதமில்லாமல் இருக்கிறது! இந்தப் படம் டிவியில் வருவது 5.1-க்கு (சுற்றிலும் பல ஸ்பீக்கரில் கேட்கும் ஒலி) மாற்றியது, அடிதடிச் சத்தமெல்லாம் புதுசு. இதில் பழைய மோனோ (ஒற்றைத்தட ஒலி) அப்படியே இருக்கிறது.

அடுத்த ரீலுக்கு மாற்றும் நேரம் என்று ஆபரேட்டருக்குக் காட்ட வலது மேல் மூலையில் வரும் புள்ளியை அழிக்கச் சொன்னவர்களுக்கு: மாட்டேன். (மதுரைக்காரன் வம்பு என்று வைத்துக்கொள்ளுங்கள்.)

பிலிம் சுருங்கியிருக்கிறது, ஓரத்துத் துளைகள் ஸ்கேனரின் பல்சக்கரத்தில் சரியாக உட்காராது. பல்சக்கரம் இல்லாத ஸ்கேனர் யாரிடமாவது இருந்தால் சொல்லுங்கள்.