மெதோ யோவனோவ்ஸ்கி வெறும் டாக்டரா?

சுருள்பெட்டி: ‘மழைக்கு முன்’ படத்தில் டாக்டராக வந்துபோனதைத் தவிர மாசிடோனிய நடிகர் மெதோ யோவனோவ்ஸ்கி குறிப்பிடும்படி எதுவும் செய்யவில்லை என்று மேற்குக்கரை இங்கே நேற்று எழுதியதைப் படித்தபின் சும்மா இருக்க முடியவில்லை. ஸ்டோலே போபோவ் 1991-இல் இயக்கிய ‘பச்சை குத்தல்’ படத்தில், மனைவியோடு சண்டையிட்டு வீட்டைவிட்டுக் கிளம்பும் ஒரு சாதாரண மனிதன், குற்றம் எதுவும் செய்யாமலேயே காவலர்களிடம் சிக்கிச் சிறைக்குள் சிதைந்துபோகிறான். அந்த நாயகன் இவர்தான்.

மேற்குக்கரை: ஒரு படத்தில் நாயகனாகிவிட்டால் போதுமா? 1994-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்கம் விருதை வென்று, ஆஸ்கர் பரிந்துரையும் பெற்றது இயக்குநர் மஞ்செவ்ஸ்கியின் ‘மழைக்கு முன்’தான். அதைத் தாங்கியவர், ஊர் திரும்பும் புகைப்படக்காரராக நடித்த ராதே ஷெர்பெஜியா. உங்கள் ஆள் அதில் டாக்டர்.

சுருள்பெட்டி: ராதே குரோஷியாவின் லிகா பகுதியில் பிறந்த செர்பியர். மாசிடோனிய நடிகர்களைப் பற்றிய பேச்சில் அவரை நடுவில் கொண்டுவந்து உட்காரவைத்துவிட்டு, உள்ளூர்க்காரரை டாக்டர் என்று ஒதுக்குவது என்ன நியாயம்? அந்தத் தங்கச் சிங்கமும் தைவானின் சாய் மிங்-லியாங் படத்தோடு பகிர்ந்துகொள்ளப்பட்டது என்பதை வசதியாக மறைத்துவிட்டீர்கள்.

வெலெஸ்வாசி: குணச்சித்திர நடிகர் என்றால் 1907-இல் மாசிடோனியாவின் வெலெஸ் நகரில் பிறந்த பெத்ரே பிர்லிச்கோவிடமிருந்து அல்லவா தொடங்க வேண்டும்? அந்நாட்டின் முதல் கதைப்படமான ‘ஃப்ரோசினா’விலேயே, 1952-இல், அவர் நடித்துவிட்டார்.

சுருள்பெட்டி: பிர்லிச்கோவை யார் மறுத்தார்கள்? பேச்சு அந்த டாக்டரைப் பற்றியது. போபோவின் ‘புத்தாண்டு வாழ்த்துகள் 49’, 1986-இல் யூகோஸ்லாவியாவின் பூலா திரைப்பட விழாவில் சிறந்த படத்துக்கான விருது பெற்றது. அதிலும் யோவனோவ்ஸ்கி இருக்கிறார். தேவைப்படும்போது கறிவேப்பிலையைப் போலச் சேர்த்துக்கொண்டு, பெயர்ப்பட்டியல் வந்ததும் ஒதுக்கிவைப்பவர்கள் உங்களைப் போன்ற ரசிகர்கள்தான்.

மேற்குக்கரை: விருது படத்துக்குக் கிடைத்தது, அவருக்கு அல்ல. 1994-இல் உலகம் பார்த்தது டாக்டரை மட்டுமே. அதை நான் மீண்டும் சொல்வேன்.

சுருள்பெட்டி: தாராளமாகச் சொல்லுங்கள். 1928-இல் பிறந்த எழுத்தாளர் மெதோ யோவனோவ்ஸ்கியின் நூல்களை, 1946-இல் பிறந்த இந்த நடிகரின் கணக்கில் எழுதிவைத்து, சுட்டிக்காட்டியதும் பதிவைச் சத்தமில்லாமல் நீக்கியவர் சொல்லும் வரலாறு எப்படியிருக்கும் என்பது எங்களுக்குத் தெரியும்.

மேற்குக்கரை: நீக்கவில்லை, திருத்தினேன். அப்போது நீங்கள் ‘ஃப்ரோசினா’வைப் போபோவ் எடுத்த படம் என்று எழுதியதையும் சேர்த்துச் சொல்லியிருக்கலாம்.

வெலெஸ்வாசி: அதை இயக்கியவர் வோயிஸ்லாவ் நானோவிச். பிர்லிச்கோவைப் பற்றி நான் கேட்டதற்கு இருவருமே இன்னும் பதில் சொல்லவில்லை.

சுருள்பெட்டி: ‘பச்சை குத்தல்’ படத்தை மேற்குக்கரை பார்த்தாரா, இல்லையா என்ற கேள்விக்கு முதலில் பதில் வரட்டும். அதுவரை டாக்டர் என்ற சொல்லை அவர் வாயால் கேட்க நான் தயாராக இல்லை.

மேற்குக்கரை: டாக்டர்.