ரெயிலில் ‘டி6’ என்றால் எந்தப் பள்ளம்? லேசர் மேசையிலிருந்து ஒரு கேள்வி

கொலுசுக்கொக்கி (சூரமங்கலம், சேலம்):

வணக்கம். நான் சேலத்தில் ஒரு சின்னப் பட்டறையில் லேசர் மார்க்கிங் பார்க்கிறேன். அதற்கு முன் ஒன்பது வருடம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுக் கொக்கிகளில் எழுத்து அடித்தேன். இப்போதைய பட்டறைக்கு வழக்கமான வேலை ஜவ்வரிசி ஆலை உதிரி பாகங்கள்தான். போன மாதம் புதிதாக ஒரு வாடிக்கையாளர் வந்தார். துப்பாக்கியில் பொருத்தும் பார்வைக் கருவிகளைச் சோதிக்கிற மேசை ஒன்று செய்கிறார்களாம். அதற்கு அலுமினிய ரெயில், அதாவது கருவியை மேலே மாட்டிப் பூட்டுகிற பட்டை, வேண்டும். துப்பாக்கி மேல் இருப்பது போலவே குறுக்குப் பள்ளம், அதே போலவே எழுத்தும் எண்ணும்.

டிராயிங்கையும் புரோகிராம் ஷீட்டையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். ‘டி6’ மூன்று இடத்தில் இருக்கிறது. மெட்டீரியல் கட்டத்தில் 6061-டி6, அது அலுமினியத்தின் டெம்பர், அதாவது கடினப்படுத்திய நிலை. புரோகிராமில் டி6 என்றால் ஆறாம் நம்பர் டூல். மூன்றாவது டி6 ரெயிலின் மேட்டு மேலேயே அடிக்க வேண்டியது: டி2, டி4, டி6 என்று போகிறது. ஒற்றைப்படை எண்ணே கிடையாது.

ஒரு செட்டுக்கு இரண்டு துண்டு. முதல் துண்டில் 14 பள்ளம், அடுத்ததில் 12. மேசையில் இரண்டும் ஒரே கோட்டில் ஒன்றன் முன் ஒன்றாக உட்காரும். முதல் துண்டை மட்டும் முழுதாக வரைந்துவிட்டு, இரண்டாவதுக்கு ‘அதே முறையில்’ என்று குறிப்பு போட்டிருந்தார்கள். நான் அதைத் தனி ஜாப் என்று எடுத்துக்கொண்டு மறுபடி டி2-விலிருந்தே அடித்தேன். 40 செட் போனது, 40-ம் திரும்பி வந்துவிட்டது. கூட வந்த தாளில் இரண்டே வரி: ‘எண் தொடர்ச்சி இல்லை. மேல்பரப்பு சரியில்லை.’

முதல் வரி பாதி புரிகிறது, இரண்டாவது புரியவே இல்லை. வெர்னியர் அளவுகோலில் எல்லாம் சரியாக இருக்கிறது: பள்ளம் 5.23 மில்லிமீட்டர், நடுவுக்கு நடு 10.01, ஆழம் 3.00.

இந்த எண்ணை யார் படிக்கிறார்கள், எதற்காகப் படிக்கிறார்கள்? எந்தப் பக்கத்திலிருந்து எண்ண வேண்டும்? முதலாளி ஒரு வார்த்தை திட்டவில்லை, அதனாலேயே மனசு கேட்கவில்லை. அடுத்த லாட்டைப் புரிந்துகொண்டு அடிக்க வேண்டும்.

மிளகுக்கொடி (ஏற்காடு):

தம்பி, ராணுவத்தில் 22 வருடம் ஆயுதப் பழுது பார்த்தவன் நான். இப்போது இங்கே மலையில் காப்பியும் மிளகும். தெரிந்ததைச் சொல்கிறேன்.

‘டி’ என்பது டாப், அதாவது மேல்பக்கம். கைபிடிக்கும் பகுதியில் நான்கு பக்கமும் ரெயில் இருக்கும் துப்பாக்கிகள் உண்டு. அவற்றில் கீழ்ப்பக்கத்துக்கு ‘பி’, இடப்பக்கத்துக்கு ‘எல்’, வலப்பக்கத்துக்கு ‘ஆர்’. இடம் வலம் எல்லாம் துப்பாக்கியைத் தோளில் வைத்திருப்பவருடைய இடம் வலம். எதிரே நின்று பார்த்து அடித்துவிடாதீர்கள்.

நான் சேர்ந்த காலத்தில் நம் ராணுவத்தின் இன்சாஸ் துப்பாக்கிதான். அதில் பார்வைக் கருவி ஏற்ற வேண்டும் என்றால் அதற்கென்று செய்த தனி மவுண்ட், அதாவது கருவியைத் தாங்கிப் பிடிக்கும் பாகம், வேண்டும். ரெயில் வைத்த துப்பாக்கி வந்ததும் நிலைமை மாறிவிட்டது. துப்பாக்கி ஒன்று, மேலே ஏறுகிற பொருள் பத்து. விளக்கு, இரவுக் கருவி, முன்கைப்பிடி எதை வேண்டுமானாலும் யாரும் மாட்டலாம், கழற்றலாம். நீங்கள் வெர்னியரில் பார்த்த 5.23-ம் 10.01-ம் அமெரிக்காவில் நியூ ஜெர்சியில் இருக்கிற பிக்காட்டினி ஆயுதசாலையின் பெயரால் அழைக்கப்படும் ரெயிலின் அளவு. 1995-இல் மில்-எஸ்.டி.டி. 1913 என்று தரநிலையானது. அதற்கு முந்தைய வீவர் ரெயிலில் பள்ளம் 4.57 மில்லிமீட்டர்தான், இடைவெளியும் ஆளுக்கு ஆள் மாறும். பள்ளங்கள் சீரான இடைவெளியில் வந்த பிறகுதான் எண் போடுவதற்கே ஒரு அர்த்தம் வந்தது.

யார் படிக்கிறார்கள் என்று கேட்டீர்கள். கழற்றியதைத் திரும்ப மாட்டுகிறவன் படிக்கிறான். வடக்கே ஒரு முகாமில் இருந்தபோது ஒரு பையன் இரவுக் கருவியைக் கழற்றித் துடைத்துவிட்டு, விளக்கில்லாமல் மாட்டினான். டி7-இல் இருந்தது டி8-க்குப் போய்விட்டது. ஒரே ஒரு பள்ளம்தான். காலையில் 100 மீட்டரில் சுட்டுப் பார்த்தால் குறி மூன்று விரற்கடை கீழே. பையன் தன் கண்ணைச் சந்தேகப்பட்டான், அப்புறம் தோட்டாவை, அப்புறம் குழலை. அரை நாள் போனது. கோத் (ஆயுதக் கிடங்கு) பதிவேட்டை எடுத்துப் பார்த்த பிறகுதான் பிடிபட்டது. அன்றிலிருந்து அவன் விரல் நுனியால் எண்ணைத் தடவிப் பார்த்துவிட்டுத்தான் மாட்டுவான்.

சரி, உங்கள் இரண்டாவது துண்டுக்கு வருகிறேன். ஏற்காடு மலைப்பாதையில் 20 கொண்டை ஊசி வளைவுகள், ஒவ்வொன்றுக்கும் எண் பலகை. வண்டி நின்றுவிட்டால் ‘14-ஆம் வளைவில் நிற்கிறேன்’ என்று போன் செய்தால் போதும். ஏறுகிறவனுக்கும் இறங்குகிறவனுக்கும் அது 14 தான். பாதி மலையில் மறுபடி ஒன்றிலிருந்து எண் போட்டிருந்தால் உதவிக்கு வருகிறவன் எந்த வளைவுக்குப் போவான்? உங்கள் மேசையில் டி6 இரண்டு இருக்கிறது. அதுதான் குறை. பொதுவாகத் தோள் பக்கத்திலிருந்து குழல் முனையை நோக்கி எண்ணிக்கை ஏறும். உடல் பகுதியில் முடிந்த எண்ணை முன் பகுதியிலும் தொடர்வார்கள். எல்லாத் தயாரிப்பாளரும் இதையே செய்வதில்லை, சிலர் முன் பகுதியில் புதிதாக ஆரம்பிப்பதும் உண்டு. ஆனால் உங்கள் வாடிக்கையாளர் தொடர்ச்சி கேட்டுவிட்டார். முதல் துண்டு டி14-இல் முடிந்தால் அடுத்தது டி16, கடைசி டி26.

ஒற்றைப்படை இல்லாததற்குக் காரணம் இடம்தான். 10.01-இல் பள்ளம் 5.23 போனால் மேடு 4.78 மில்லிமீட்டர். அதற்குள் ஒரு எழுத்தும் இரண்டு இலக்கமும் நெருக்கி அடித்தால் மங்கல் வெளிச்சத்தில் எதுவுமே தெரியாது. ஒன்று விட்டு ஒன்று அடித்தால் பெரிதாக அடிக்கலாம், நடுவில் இருப்பதைக் கண் தானே நிரப்பிக்கொள்ளும்.

இன்னொன்றையும் கேட்டு எழுதி வாங்கிக்கொள்ளுங்கள். எண் இருப்பது மேட்டில், மவுண்டின் குறுக்குக் கட்டை உட்காருவது பள்ளத்தில். டி6 என்றால் அந்த மேட்டுக்கு முன்னால் இருக்கும் பள்ளமா, பின்னாலா? எங்கள் கோத்தில் ‘எண்ணுக்கு முன், குழல் பக்கம்’ என்று பதிவேட்டின் முதல் பக்கத்திலேயே எழுதி வைத்திருந்தோம்.

டயல்கேஜ் (ஓசூர்):

அண்ணா, நான் தர ஆய்வில் இருக்கிறேன். உங்கள் இரண்டாவது வரிக்கு எனக்குத் தோன்றியதைச் சொல்கிறேன். நீங்கள் வெள்ளியில் வேலை பார்த்தவர் என்று படித்ததும் சந்தேகம் வந்துவிட்டது. கொலுசுக் கொக்கியில் எழுத்து அடித்தால் அடுத்தது பாலிஷ். எழுத்து ஓரத்தில் எழும்பும் பிசிறு அதிலேயே போய்விடும். இந்த ரெயிலுக்குப் பாலிஷ் கிடையாது.

லேசரை ஆழமாக ஓட்டினால் உருகிய அலுமினியம் எழுத்தின் கரையில் வரப்பு மாதிரி நின்றுவிடும். வெர்னியரின் தாடை நீங்கள் அளந்த பள்ளத்துக்குள் போகும், மேட்டு மேல் இருக்கும் வரப்பைப் பார்க்காது. மேட்டின் மேல்தளம் இங்கே ரொம்ப முக்கியம். நேட்டோ 2009-இல் கொண்டுவந்த ஸ்டானாக் 4694 தரநிலையில் மேல்தளத்தைத்தான் ஆதாரப் பரப்பாக எடுத்துக்கொள்கிறார்கள். பழைய முறையில் பிடிமானம் ஓரச் சரிவுகளை நம்பி இருந்தது. உங்கள் டிராயிங்கில் மேல்தளத்துக்குச் சமதள அளவு, அதாவது எவ்வளவு மேடுபள்ளம் இருக்கலாம் என்ற வரம்பு, கொடுத்திருக்கிறார்களா என்று பாருங்கள்.

கணக்கு போட்டே காட்டுகிறேன். மவுண்டின் முன்காலுக்கும் பின்காலுக்கும் இடையே 100 மில்லிமீட்டர் என்று வையுங்கள். ஒரு காலின் கீழே மட்டும் 0.03 மில்லிமீட்டர் வரப்பு. தலைமுடியில் பாதித் தடிமன்கூட வராது. அந்தச் சாய்வு 100 மீட்டர் தள்ளி 30 மில்லிமீட்டராக விரிந்துவிடும். அவர்கள் செய்வதோ பார்வைக் கருவியைச் சோதிக்கிற மேசை. மேசையே பொய் சொன்னால் நல்ல கருவியையும் பழுது என்று ஒதுக்கிவிடுவார்கள்.

ஒரு துண்டை சர்ஃபேஸ் பிளேட்டில் (துல்லியமான சமதளப் பலகை) வைத்து, மேடுபள்ளத்தைக் காட்டும் டயல் கேஜ் முள்ளை எழுத்தின் மேல் மெதுவாக இழுத்துப் பாருங்கள். அப்புறம் அனோடைசிங்குக்கு (அலுமினியத்தின் மேல் ஆக்சைடு பூச்சு ஏற்றுவது) முன் அடிக்கிறீர்களா, பின்பா என்பதையும் சொல்லுங்கள்.

கொலுசுக்கொக்கி:

நேற்று இரவு ஷிப்ட் முடிந்ததும் பார்த்தேன். அக்கா சொன்னது அப்படியே. வெறும் மேட்டில் முள் அசையவில்லை. எழுத்தின் ஓரத்தில் ஏறியதும் டக்கென்று 0.02 காட்டியது, சில இடத்தில் 0.04. நகத்தால் தடவினாலும் இப்போது தெரிகிறது. இத்தனை நாள் நான் எழுத்தின் அழகைத்தான் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அனோடைசிங்குக்கு முன்தான் அடித்தேன். டிராயிங்கின் மூலையில் சமதளம் 0.02 என்று கொடுத்திருக்கிறார்கள். அந்தக் கட்டத்தை நான் படிக்கவே இல்லை.

ஐயா, வாடிக்கையாளரிடம் பேசிவிட்டேன். எண்ணுக்கு முன்னால் உள்ள பள்ளம், தோள் பக்கத்திலிருந்து எண்ணிக்கை, இரண்டாவது துண்டு டி16 முதல் டி26 வரை. மூன்றையும் டிராயிங்கில் ஏற்றி அனுப்புவதாகச் சொன்னார். திரும்பி வந்த 40-இல் முதல் துண்டுகளைக் காப்பாற்ற முடியுமா? அவற்றில் எண் சரிதானே?

டயல்கேஜ்:

முதல் துண்டு 40-ஐயும் காப்பாற்றலாம் அண்ணா, அனோடைசிங் போட்டாகிவிட்டதா என்பதைப் பொறுத்து. இன்னும் போடவில்லை என்றால் மெல்லிய ஆயில் ஸ்டோனைத் தட்டையாக வைத்து இரண்டு இழுப்பு போதும். அழுத்தாதீர்கள், மேட்டின் முனை மழுங்கிவிடும். ஏற்கெனவே கறுப்பு ஏறியிருந்தால் கல்லை வைக்காதீர்கள், பூச்சு போய் வெள்ளை தெரியும்.

புது லாட்டுக்கு முறையை மாற்றுங்கள். முதலில் அனோடைசிங், பிறகு லேசரைக் குறைந்த பவரில் ஓட்டுங்கள். உலோகத்தைத் தோண்டாமல் பூச்சில் இருக்கும் கறுப்புச் சாயம் மட்டும் வெளுத்து, எழுத்து சாம்பல் வெள்ளையில் தெரியும். வரப்பு வராது. விரலில் தட்டுப்படாது என்பது ஒரு குறைதான், ஆனால் சோதனை மேசையில் விளக்கு இருக்கும்.

மிளகுக்கொடி:

பாப்பா சொல்வது சரி, மேசைக்கு அது போதும். துப்பாக்கிக்கு என்று எப்போதாவது கேட்டு வந்தால் மட்டும் விரலில் படுகிற எழுத்தையும் யோசியுங்கள்.

அப்புறம் ஒன்று. மேசையில் மவுண்ட்டை மாட்டுகிறவர்களிடம் சொல்லச் சொல்லுங்கள்: பள்ளத்தில் இறக்கியதும் முன்னால், குழல் பக்கமாகத் தள்ளிப் பிடித்துக்கொண்டு திருகை இறுக்க வேண்டும். சுடும்போது துப்பாக்கி பின்னால் உதைக்கும், மேலே இருக்கிற கருவி இருந்த இடத்திலேயே நிற்கப் பார்க்கும். குறுக்குக் கட்டை ஏற்கெனவே பள்ளத்தின் முன்சுவரைத் தொட்டுக்கொண்டிருந்தால் நகர இடமில்லை. மேசை உதைக்காதுதான். ஆனால் துப்பாக்கியில் எப்படி உட்காருமோ அப்படியே இங்கேயும் உட்கார்ந்தால்தான் சோதனை சோதனையாக இருக்கும்.

கொலுசுக்கொக்கி:

அனோடைசிங் இன்னும் 28-க்குப் போடவில்லை. இன்று காலை முதல் துண்டுக்குக் கல் போட்டுப் பார்த்தேன், முள் 0.01-க்குள் நிற்கிறது. மீதி 12-ஐப் புதிதாகவே செய்துவிடலாம் என்று முதலாளி சொல்லிவிட்டார். இரண்டாவது துண்டுகளுக்கு லேசர் ஃபைலைத் திறந்து டி16 என்று மாற்றி, கழிவுப் பட்டையில் ஒன்று அடித்து வைத்திருக்கிறேன். மதியம் அனோடைசிங் வண்டி வரும்.