மீந்த உருளைக்கிழங்கு மசியலில் ஜெர்மன் பான்கேக்: திருப்பினால் பிய்ந்து போகிறது, ஏன்?

கேள்வி:
பால், வெண்ணெய் சேர்த்து மசித்த கிழங்கு அரை கிலோ மீந்திருக்கிறது. ஒரு முட்டை, 2 டேபிள்ஸ்பூன் மைதா கலந்து தட்டிப் போட்டால், திருப்பும்போது பிய்ந்து பாதி தவாவிலேயே ஒட்டிக்கொள்கிறது. மேலே கருகல், உள்ளே கூழ். மைதா எவ்வளவு போடணும்? ஜெர்மன் உருளைக்கிழங்கு அடையான கார்டோஃபல்புஃபர் மாதிரி மொறுமொறுன்னு வருமா?

பதில் 1:
அந்த மொறுமொறுப்பை எதிர்பார்க்காதீங்க. கார்டோஃபல்புஃபர் பச்சைக் கிழங்கைத் துருவிச் செய்வது. ரைன் நதிப் பக்கம் ரைபெகூக்கன் என்பார்கள். வெந்த கிழங்கில் வருவது வேறு வகை: மேலே மெல்லிய பொன்னிறத் தோல், உள்ளே மெத்து.

2 ஸ்பூன் மைதா எந்த மூலைக்கு? மசியலில் பாலும் வெண்ணெயும் இருக்கு, முட்டையும் ஈரம்தான். 500 கிராமுக்கு ஒரு முட்டை, சுமார் 70 கிராம் மைதா (அரை கப்புக்குச் சற்று மேல்). முழுசா கொட்டாதீங்க. 50 கிராம் கலந்து, ஈரக் கையில் ஒரு உருண்டை எடுத்து வடை மாதிரி தட்டிப் பாருங்க. விளிம்பு வழிந்தால் இன்னும் கொஞ்சம். பிசைந்துகொண்டே இருந்தால் பசை ஆகிடும். மிக்ஸியில் அடித்த மசியல் என்றால் ஏற்கெனவே பசைதான், அதைச் சூப்பில் கரைச்சிடுங்க.

உப்பு மசியலிலேயே இருக்கும், ருசி பார்த்துப் போடுங்க. துருவிய ஜாதிக்காய் ஒரு சிட்டிகை கட்டாயம். அது இல்லாவிட்டால் வெறும் கிழங்கு கட்லெட்.

பதில் 2:
மைதா சரி, ஆனால் பாதித் தவறு அடுப்பில். மசியல் ஃபிரிட்ஜில் ஓர் இரவு இருந்த குளிர்ச்சியோடேயே இருக்கணும். ஆறும்போது கிழங்கின் மாவுச்சத்து இறுகும்; சூடான மசியல் மைதாவைக் குடித்துக்கொண்டே போகும், கடைசியில் மாவு வாசனைதான் மிஞ்சும்.

1 செ.மீ. கனம், உள்ளங்கை அளவு. இருபுறமும் மைதாவில் லேசாகப் புரட்டுங்க. தவாவில் எண்ணெய் 3 மி.மீ. ஆழம் நிற்கணும். ஒரு துளி மாவு போட்டால் உடனே சலசலக்கணும். மிதமான தீயில் 3-4 நிமிஷம் தொடாதீங்க. அடி சிவந்ததும் தானே விடும்; விடலைன்னா இன்னும் ஒரு நிமிஷம் பொறுங்க, சுரண்டாதீங்க. ஒரு ஈடுக்கு நாலுக்கு மேல் அடுக்கினால் எண்ணெய் ஆறிப்போய் உறிஞ்சும்.

வெறும் வெண்ணெயில் பொரித்தால் அதிலுள்ள பால் சத்து கருகும். ஜெர்மன் சமையலில் வரும் பட்டர்ஷ்மால்ட்ஸ் ஏறக்குறைய நம்ம நெய்தான், அது கருகாது.

பதில் 3:
மொறுமொறுப்பு வேணும்னா பாதி வழி இருக்கு: 300 கிராம் மசியல், 200 கிராம் பச்சைக் கிழங்குத் துருவல். துருவலைத் துணியில் முறுக்கிப் பிழிங்க. பிழிந்த தண்ணீரை 10 நிமிஷம் அசையாமல் வைத்தால் அடியில் வெள்ளையாக மாவு படியும். மேல் நீரை மட்டும் ஊற்றிவிட்டு அந்த மாவைக் கலவையில் சேருங்க. மைதா 40 கிராம் போதும். துருவல் கறுக்கும் முன் போட்டுடுங்க, அரை செ.மீ. கனம், ஒவ்வொரு புறமும் 5 நிமிஷம். தொட்டுக்க ஆப்பிள் மசியல். ஜெர்மனியில் கொலோன் நகரப் பக்கம் அது வழக்கம்.

கேள்வி கேட்டவர்:
முட்டை இல்லாமல் முடியுமா?

பதில் 2:
முடியும். முட்டைக்குப் பதில் 2 டேபிள்ஸ்பூன் சோள மாவு (கார்ன்ஃப்ளோர்), மைதா 50 கிராம். ஓரம் கொஞ்சம் வெடிக்கும். தட்டியதை 15 நிமிஷம் ஃபிரிட்ஜில் வைத்துப் போட்டால் அவ்வளவு வெடிக்காது.