பாசி எடுக்கும் பெண்கள் பற்றி விவரம் வேண்டும்

வணக்கம் தோழர்களே. முதுகலை ஆய்வேட்டுக்காக மன்னார் வளைகுடாவில் கடற்பாசி எடுக்கும் பெண்களைப் பற்றி எழுதுகிறேன். விரல்களில் துணி சுற்றி, காலில் தகடு கட்டிக்கொண்டு மரிக்கொழுந்துப் பாசிக்காக முங்குகிறவர்கள். அங்குள்ள 21 தீவுகளும் 1986-இல் தேசியப் பூங்காவானதிலிருந்து வனத்துறையோடு இழுபறிதான்.

சூழலியல் பெண்ணியம் என்றாலே எல்லோரும் இமயமலைப் பெண்கள் மரங்களைக் கட்டிப்பிடித்துக் காத்த சிப்கோ இயக்கத்தைத்தான் சொல்கிறார்கள். 'பெண் இயற்கைக்கு நெருக்கமானவள்' என்ற பேச்சு எனக்கு ஒட்டவில்லை. யார் எந்த வேலை செய்கிறார்கள், சொத்து யார் கையில் என்று பார்க்கச் சொல்லும் பொருளியலாளர் பினா அகர்வாலின் வாதம்தான் இங்கே பொருந்துகிறது. இதை வைத்து அவர் 1992-இல் எழுதிய கட்டுரை தமிழில் வந்திருக்கிறதா?

அப்புறம், பாம்பன், ஏர்வாடிப் பக்கம் பாசி எடுக்கும் அக்காமாரோடு பழக்கமுள்ளவர்கள் இருந்தால் உள்பெட்டிக்கு வாருங்கள். ஆங்கிலக் கட்டுரைகள் கைவசம் நிறைய இருக்கின்றன, அவை வேண்டாம்.