புதுப்பிப்பு: கும்பகோணம் செக்கு எண்ணெய் மாதிரி, மேலாய்வுக்குச் சென்றது

கும்பகோணம் அருகே என் சித்தப்பாவின் செக்கில் எடுத்த நல்லெண்ணெய் மாதிரி தரம் குறைந்தது என உணவுப் பகுப்பாய்வாளர் அறிவித்ததால், அந்த அறிக்கையே இறுதியானதா என முந்தைய இழையில் கேட்டிருந்தேன். இறுதியானதல்ல. 2006ஆம் ஆண்டு உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி மாதிரி நான்கு பகுதிகளாகப் பிரிக்கப்படுகிறது. ஆகவே, மீதமுள்ள பகுதியை மறுபரிசோதனை செய்யக் கோரி, அறிக்கை கிடைத்த 30 நாட்களுக்குள் அப்பகுதியின் உணவுப் பாதுகாப்புக்குப் பொறுப்பான நியமன அலுவலரிடம் மேல்முறையீடு செய்தோம், அவரும் தம்மிடமிருந்த ஒரு பகுதியை மேலாய்வுக் கூடத்துக்கு (மேல்முறையீட்டில் மறுபரிசோதனை செய்யும் ஆய்வகத்துக்கு) அனுப்பிவிட்டார்.

எங்கள் வாதம் அறிவியலுக்கு எதிரானது அல்ல. நிபுணர் தம் முடிவை மட்டும் சொன்னால் போதாது, அதைச் சரிபார்க்கத் தேவையான அறிவியல் அளவுகோல்களையும் நீதிபதிக்குத் தர வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 2009இல் ஒரு மருத்துவ வழக்கில் தெளிவாகக் கூறியிருக்கிறது. எண்ணெயின் அமில மதிப்பு (அதில் தனித்திருக்கும் கொழுப்பு அமிலங்களின் அளவு) வெப்பத்திலும் ஈரத்திலும் நாளடைவில் உயரும் என்பதால், மாதிரி எங்கே, எவ்வளவு காலம் வைக்கப்பட்டிருந்தது என்பதை அறியாமல் அறிக்கையில் உள்ள அளவை மட்டும் கொண்டு தீர்ப்பளிப்பது நியாயமாகாது என்றே நான் உறுதியாக நம்புகிறேன்.

மறுபரிசோதனைக்கு முன்னுதாரணமும் உண்டு: மேகி நூடுல்ஸ் வழக்கில் பம்பாய் உயர் நீதிமன்றம் 2015இல் அதன் மீதான தடையை நீக்கி, அங்கீகாரம் பெற்ற மூன்று ஆய்வகங்களில் மறுபரிசோதனைக்கு உத்தரவிட்டது. இதே நிலையில் இருப்பவர்கள், ஆய்வகத்துக்கு அங்கீகாரம் உண்டா என்பதோடு, அந்தக் குறிப்பிட்ட பரிசோதனைக்கும் அது பொருந்துமா என்பதையும் கேட்டறியுங்கள்.