மணல் ஏற்றிப் பிடிபட்ட உழவு இயந்திரத்தை எடுப்பது எப்படி? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்

வணக்கம் உறவுகளே, நான் மட்டக்களப்பு, கிரான் பக்கம். போன மாதம் எங்கள் உழவு இயந்திரத்தைப் பின்னால் பூட்டும் பெட்டியோடு பொலிஸ் பிடித்துவிட்டது. முந்தனை ஆற்று மணல். புவிச்சரிதவியல், சுரங்கப் பணியகத்தின் போக்குவரத்து அனுமதிப்பத்திரம் இல்லாமல் சாரதி ஏற்றியிருக்கிறார்; எனக்குத் தெரியாது. 1992 ஆம் ஆண்டின் 33 ஆம் இலக்கச் சுரங்கங்கள், கனிப்பொருள்கள் சட்டத்தில் வழக்கு.

நேற்றுப் போய்ப் பார்த்தேன். முன் டயரில் காற்றில்லை, பெட்டி மணலில் புல் முளைத்துக் கிடக்கிறது. மனம் தாங்கவில்லை.

வழக்கு முடியும்வரை உரிமையாளரிடம் பிணையில் விடும்படி நீதவானிடம் கேட்கலாமாம். பதிவு அம்மாவின் பெயரில், மூலப் புத்தகம் லீசிங் கம்பனியிடம். அவர்களின் கடிதம் போதுமா? அம்மா நேரில் வரவேண்டுமா? நடக்க முடியாதவர். இப்படி மீட்டவர்கள், மட்டக்களப்பில் இந்த வழக்குப் பேசும் சட்டத்தரணியைத் தெரிந்தவர்கள் இன்பொக்ஸில் சொல்லுங்கள். பெரும்போக உழவு தொடங்கிவிட்டது. தவணைக் காசும் கட்டவேண்டும்.