முசிறி எப்போது டெல்டா ஆனது?

குடமுருட்டி
“ராஜம் கிருஷ்ணன் டெல்டா மண்ணின் மகள், அந்த ரத்தம்தான் ‘சேற்றில் மனிதர்கள்’ நாவலை எழுத வைத்தது” என்று கதிர்க்கட்டு நேற்று இங்கே எழுதியிருக்கிறார். கீழே ஆளாளுக்கு ஆஹா ஓஹோ. ஒருத்தருக்காவது சந்தேகம் வர வேண்டாமா? அவர் 1925-ல் பிறந்தது முசிறியில். முசிறி டெல்டா இல்லை. காவிரி பிரிவது முக்கொம்பில். கொள்ளிடம் வடக்கே, காவிரி தெற்கே, நடுவில் ஸ்ரீரங்கம். அப்புறம் கல்லணையில் காவிரி, வெண்ணாறு, கல்லணைக் கால்வாய் என்று பிரிந்த பிறகுதான் நம்ம கணக்கே ஆரம்பம். முசிறி முக்கொம்புக்கும் மேற்கே, குளித்தலைக்கு எதிர்க்கரை. அங்கே ஆறு ஒரே ஆறு. கிளையே விடாத இடத்தில் என்னய்யா டெல்டா?

கதிர்க்கட்டு
வந்துட்டார் அண்ணன், அளவுச் சங்கிலியைத் தூக்கிக்கிட்டு. நான் எழுதினது நாவலைப் பத்தி. விவசாயத் தொழிலாளியைப் பண்ணை வீட்டுத் திண்ணையிலிருந்து பார்க்காமல் வயலில் நிற்கிறவர் பக்கமிருந்து எழுதினாரே, அதைப் பத்தி ஒரு வரி உண்டா உங்க பதிவில்? காவிரித் தண்ணி குடிச்சுப் பிறந்தவர். அது போதும் எனக்கு.

குடமுருட்டி
காவிரித் தண்ணி குடிச்சா டெல்டாக்காரர்னா குடகுக்காரரும் டெல்டா, மைசூர்க்காரரும் டெல்டா. வீராணத்திலிருந்து குழாயில் கொள்ளிடத் தண்ணி வாங்கும் சென்னைக்காரருக்கும் ஒரு துண்டு போட்டு உட்கார வையுங்கள்.

முசிறிக்கோரை
எங்க ஊரை ஏன் சார் இழுக்கறீங்க? மேட்டூர்த் தண்ணி எங்களைத் தொட்டுட்டுத்தான் உங்ககிட்ட வருது. மேட்டூர் திறக்கிற ஜூன் 12 எப்ப வரும்னு நீங்க காலண்டரைப் பார்த்துக்கிட்டு இருக்கிற நேரத்துல எங்ககிட்ட வாழை நிக்கும், வெற்றிலை நிக்கும், கோரை நிக்கும். நெல்லும் உண்டு. டெல்டா பட்டம் எங்களுக்கு வேண்டாம். ஆனா “இல்லை”ன்னு நீங்க சொல்ற தோரணைதான் பிடிக்கலை.

குடமுருட்டி
வேண்டாம் என்கிறீர்கள், ரோஷமும் வருகிறது. 2020-ல் வந்த வேளாண் மண்டலச் சட்டத்தை எடுத்துப் பாருங்கள் தம்பி. தஞ்சை, திருவாரூர், நாகை முழுசாக. கடலூரில் 5 ஒன்றியம், புதுக்கோட்டையில் 5 ஒன்றியம். திருச்சி மாவட்டம் அதில் இல்லை. அறிவிப்பில் இருந்தது, சட்டத்தில் விட்டுப்போனது.

தாளடி
அண்ணே, அந்தச் சட்டத்தைத்தான் ‘டெல்டாவை வெட்டிட்டாங்க’ன்னு ஊரெல்லாம் திட்டினோம். இப்ப அதையே அளவுகோலா நீட்டறீங்க.

சரி, விஷயத்துக்கு வருவோம். பிறந்த ஊரை முதலாக வைத்து எழுதியவரே இல்லை அவர். கணவருக்கு மின்துறைப் பொறியாளர் வேலை. நீலகிரியில் இருந்தபோது படகர்களைப் பார்த்து ‘குறிஞ்சித்தேன்’ எழுதினார். 12 வருடத்துக்கு ஒரு தடவை பூக்கும் குறிஞ்சியைக் காலக் கணக்காக வைத்து, ஜோகி, ரங்கன், பாரு மூணு பேரையும் அதில் ஓட விட்டார். தூத்துக்குடி உப்பளத்துக்குப் போய் ‘கரிப்பு மணிகள்’. கடற்கரைக்குப் போய் ‘அலைவாய்க் கரையில்’. சிறுவர் உழைப்பைப் பற்றி ‘கூட்டுக் குஞ்சுகள்’. அந்த வரிசையில்தான் நம்ம வயலும் வருது. போய் இருந்து, கேட்டு, எழுதினவர். இதில் ரத்தம் எங்கிருந்து வந்தது? கதிர்க்கட்டும் தப்பு, நீங்களும் தப்பு.

கீழ்வெண்மணியை வைத்து ‘குருதிப்புனல்’ நாவல் எழுதிய இந்திரா பார்த்தசாரதி பிறந்தது சென்னையில். அவரிடம் யாரும் பிறப்புச் சான்றிதழ் கேட்டதாகத் தெரியவில்லை. அம்மாள் என்றால் மட்டும் தாசில்தார் ஆபீஸ் திறந்துவிடுகிறது.

குடமுருட்டி
இ.பா. வளர்ந்தது கும்பகோணம். கும்பகோணம் டெல்டா. முசிறி டெல்டா இல்லை. ஆண், பெண் என்று எங்கே சொன்னேன்?

டெல்டா என்பது ஊர்ப் பெருமை இல்லை அக்கா, அது ஒரு தண்ணி முறை. அது தெரியாமல் ‘சேற்றில் மனிதர்கள்’ படித்தால் கூலிச் சண்டை ஏன் அறுப்பில் வெடிக்கிறது என்றே பிடிபடாது. தண்ணி ஒரே நேரத்தில் திறக்கிறார்கள், எல்லோரும் ஒரே நேரத்தில் விதை விடுகிறார்கள். ஏக்கருக்கு 8 சென்ட் நாற்றங்கால், முதல் போகமான குறுவைக்கு 24 கிலோ விதை. குறுவை நாற்றுக்கு வயது 18-லிருந்து 22 நாள். 25-ஐத் தாண்டினால் நாற்றங்காலிலேயே கணு விட ஆரம்பிக்கும், நட்டால் தூர் கட்டாது. ஆக ஒரு வட்டாரம் முழுக்க ஒரே வாரத்தில் ஆள் வேண்டும். அறுப்பு இதைவிட மோசம். புரட்டாசிக் கடைசிக்குள் குறுவைக் கதிரைக் கரையேற்றணும். அடுத்த போகமான தாளடிக்கு நாற்று வரப்பில் காத்துக் கிடக்கும், ஐப்பசி மழை வந்தால் சாய்ந்த கதிர் வயலிலேயே முளை விடும். பத்து நாள் ஆள் இறங்காவிட்டால் போட்ட முதல் போச்சு. பேசக் கூலிக்காரருக்கு வாய் கிடைப்பது அந்தப் பத்து நாள்தான். மிராசு வெளியூர் ஆளை இறக்குவதும் அந்தப் பத்து நாளில்தான். சண்டை அங்கேதான். வாழையும் வெற்றிலையும் வருடம் பூரா வேலை கொடுக்கும், அங்கே இந்த நெருக்கடி இல்லை. அதனால்தான் சொல்கிறேன், முசிறி டெல்டா இல்லை.

தாளடி
இவ்வளவும் பிறந்தவுடனே தெரிஞ்சுடுமா, கத்துக்கிட்டா தெரியுமா? கத்துக்கிட்டாத்தான்னா முசிறி எதுக்கு?

குடமுருட்டி
பதிவில் ‘மண்ணின் மகள்’ என்று போட்டது நானா?

அரைக்கால்படி
மன்னிக்கணும், நடுவுல வர்றேன். போன மாசம் இங்கே நெல் அளக்கிற ‘மரக்காலுக்கு எட்டுப் படி’ன்னு அடிச்சுச் சொன்னவர்தானே இந்தக் குடமுருட்டி? நான் மறக்கலை. வாய்பாட்டுப் புத்தகத்தில் எட்டு. நம்ம பக்கம் கலம் 12 மரக்கால், ரெண்டு கலம் ஒரு மூட்டை, மூட்டை 60 கிலோவுக்குக் கொஞ்சம் குறைய. அப்ப மரக்கால் நெல் இரண்டரைக் கிலோவுக்குள்ளதான் நிக்கும். சென்னைப் பக்கத்துப் பெரிய படியான பட்டணம்படியில எட்டுன்னா ஒரு கலமே 100 கிலோவை ஒட்டிப் போகும். அந்தக் கலத்தைத் தலையில தூக்கிக் காட்டுங்க பார்ப்போம்.

அளக்கிற விதத்தைச் சொல்லியிருந்தாலும் நாவலுக்கு உபயோகம். முதல் மரக்காலை ‘ஒண்ணு’ன்னு சொல்ல மாட்டாங்க, ‘லாபம்’. அப்புறம் ரெண்டு, மூணு. குத்தகை வாங்கும்போது மரக்காலை நெல் அம்பாரத்துல அழுத்திக் குத்தி, வாய்க்கு மேல கோபுரமா நிறுத்தி, சரியற நெல்லைக் கையால அணை கட்டி அளப்பாங்க. கூலி போடும்போது மேலாகக் கோரி, விளிம்போட தலை தட்டிடுவாங்க. அதே மரக்கால், அதே நெல். சில பண்ணையில மரக்காலே ரெண்டு, வாங்க ஒண்ணு, கொடுக்க ஒண்ணு. அரைப்படி கூலி கூட்டிக் கேட்டதுதான் 1968 டிசம்பர் 25-ல் கீழ்வெண்மணியில 44 உயிர் போற அளவுக்குப் போச்சுன்னு சொன்னா ‘அரைப்படிக்கா?’ன்னு கேக்கறவங்களுக்கு இந்த அளவு தெரியாது.

குடமுருட்டி
எட்டு என்று சொன்னது சோழர் காலக் கணக்குக்கு. இழையைத் திருப்பாதீர்கள். முசிறி பற்றிப் பேசுகிறோம்.

அரைக்கால்படி
சோழர்னு அன்னைக்கு ஒரு வார்த்தை இல்லை. தேடிப் பாருங்க.

கதிர்க்கட்டு
விடுங்கப்பா. ‘பாதையில் பதிந்த அடிகள்’ இருக்கே, அதுக்கு என்ன சொல்றீங்க? மணலூர் மணியம்மை. திருவாரூர்ப் பக்கம். கைம்பெண், முடியைக் கிராப் வெட்டி, வேட்டி சட்டை போட்டு, சிலம்பம் கத்துக்கிட்டு, பண்ணையாட்களைச் சங்கத்தில் சேர்த்தவங்க. கடைசியில் மாடு முட்டிச் செத்தாங்க. அந்த வாழ்க்கையைத் தேடிப் போய் 1991-ல் நாவலாக்கினவர் டெல்டா எழுத்தாளர் இல்லையா?

குடமுருட்டி
மாடு இல்லை, மான். கொம்பு மான். 1953. நாவலைப் படித்தவருக்கு மாடும் மானும் குழம்பாது.

கதிர்க்கட்டு
எழுத்துப் பிழை.

குடமுருட்டி
‘மாடு முட்டி’ என்பதில் எந்த எழுத்து பிழை? மான் என்பதுதான் அங்கே மர்மமே. மாடு முட்டுவது ஊரில் தினம் நடப்பது. வளர்ப்பு மான் ஆளைக் குத்திக் கொன்றது தற்செயலா, ஏவி விட்டதா என்று இன்றைக்கும் பேச்சு இருக்கிறது. பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் 1952-ல் வருகிறது, மறு வருடம் இந்தச் சாவு. அதை மாடு என்று எழுதினால் நாவலின் கடைசியே சப்பென்று போய்விடும்.

தாளடி
இதுல ஒரு உண்மை இருக்கு, ஒத்துக்கறேன். ஆனா அது நாவலா, வாழ்க்கை வரலாறா என்பதுதான் பேச வேண்டியது. ஆவணத்தில் கிடைக்காத இடத்தை உரையாடலால் நிரப்பியிருக்கார். மணியம்மை மனசுக்குள்ள பேசிக்கறதெல்லாம் ராஜம் கிருஷ்ணன் குரல். சில இடத்துல பிரசங்க வாடை தூக்கலாவே அடிக்குது. அவருடைய எல்லா நாவலிலும் எனக்கு இடறுகிற இடம் அதுதான்: தகவல் சேகரித்த உழைப்பு வாக்கியத்துக்கு மேலே மிதக்கும். ‘குறிஞ்சித்தேன்’ல மட்டும் அது அடியில் தங்கியிருக்கு. வருஷக்கணக்கா அங்கேயே குடியிருந்ததால இருக்கலாம்.

முசிறிக்கோரை
அப்ப குடியிருந்தா எழுத்து நல்லா வரும்னு நீங்களே சொல்றீங்க. முசிறியில பிறந்ததுக்கு ஏதாவது மார்க் உண்டா இல்லையா?

குடமுருட்டி
உண்டு. முசிறி எழுத்தாளர் என்று போட்டுக்கொள்ளுங்கள். டெல்டா என்று போடாதீர்கள்.

கதிர்க்கட்டு
சாகித்ய அகாதமி 1973-ல் ‘வேருக்கு நீர்’ நாவலுக்குக் கொடுத்தபோது எந்த ஆறு, எந்தக் கரைன்னு கேட்டுட்டா கொடுத்தாங்க?

குடமுருட்டி
அது டெல்டா நாவல் இல்லை. சம்பந்தமில்லாமல் விருதைக் கொண்டுவந்து கொட்ட வேண்டாம்.

புதுவரவு
‘சேற்றில் மனிதர்கள்’ எந்தப் பதிப்பு வாங்கலாம்?

தாளடி
எது கிடைச்சாலும் வாங்குங்க. 2009-ல், அவர் இருக்கும்போதே, அரசு நாட்டுடைமை ஆக்கிட்டதால யார் வேணாலும் அச்சடிக்கலாம். ஒரே நாவல் நாலு அட்டையில கிடைக்கும். பக்க எண் பதிப்புக்குப் பதிப்பு மாறும், அதனால இங்கே மேற்கோள் காட்டினா அத்தியாய எண் போடுங்க. இல்லைன்னா ஒருத்தர் வந்து ‘அந்தப் பக்கத்தில் அப்படி இல்லையே’ம்பார். யாருன்னு சொல்ல வேண்டியதில்லை.

குடமுருட்டி
பெயரைச் சொல்லியே திட்டலாம் அக்கா. கோபமில்லை. முதல் பதிவில் ‘மண்ணின் மகள்’ என்பதைத் திருத்தும் வரைக்கும் இங்கேதான் இருப்பேன்.

கதிர்க்கட்டு
திருத்த மாட்டேன்.

முசிறிக்கோரை
திருத்தாதீங்க.

அரைக்கால்படி
மரக்கால்?

குடமுருட்டி
அதுக்கு வேறு இழை தொடங்குங்கள். இங்கே முசிறி.